நிக்க வச்சுக் கேட்டா சொல்லிடுவான்

மார்கழியில் ஒரு நாள், காலை ஏழு மணி இருக்கும். வரப்பில் நின்று சம்பாக் கதிரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பால் பிடித்துத் தலை சாயத் தொடங்கியிருந்தது. சட்டைப்பையில் ஃபோன் அடித்தது. எடுத்துப் பார்த்தால் ‘அக்கா’ என்று வந்தது. ஒன்பது வருஷமாக அந்த எண்ணிலிருந்து எனக்கு அழைப்பு வந்ததில்லை. நானும் கூப்பிட்டதில்லை. எடுக்கவில்லை. “எதிர்பார்ட்டி கூப்பிட்டா எடுக்காதீங்க, பேசுறது எல்லாம் நாளைக்கு சாட்சியாயிடும்” என்று வக்கீல் என்றைக்கோ சொன்னது என் காதில் அப்படியே இருந்தது. மணி அடித்து ஓயும்வரை ஃபோனைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன்.

மறுபடி அடித்தபோது எடுத்தேன். அக்கா குரல் இல்லை.

“அண்ணே, நான் மெஹருன்னிசா பேசுறேன். மன்னார்குடியில அக்கா குடியிருக்கிற வீட்டுக்காரி. அக்கா போயிட்டாங்கண்ணே. காலையில வாசல் தெளிக்கக் காணோமேன்னு கதவத் தட்டினேன். தெறக்கல. ஆளக் கூப்பிட்டுத் தெறந்து பாத்தா, படுத்த மேனிக்கு இருக்காங்க. ஒரு அவசரம்னா இந்த நம்பருக்குப் பண்ணு, என் தம்பின்னு முன்னாடியே காட்டி வச்சிருந்தாங்க.”

வரப்பிலேயே உட்கார்ந்துவிட்டேன். முதல் தடவை அடித்தபோது அது அக்காதான் என்று நினைத்துக்கொண்டுதானே எடுக்காமல் நின்றேன். அந்த ஒரு நிமிஷம் இன்னும் என்னை விட்டுப் போகவில்லை.

இதைக் கேட்கப் போகிறவர்களில் பாதிப் பேருக்கு என் அக்காவை என்னைவிட நன்றாகத் தெரியும். பக்கிரிசாமி மகள் வசந்தா, கிராம சுகாதார செவிலியர். மன்னார்குடிக்கும் திருத்துறைப்பூண்டிக்கும் இடைப்பட்ட ஊர்களில் முப்பத்து மூன்று வருஷம் ஊசியும் மாத்திரையுமாகச் சுற்றியவர். ‘நர்ஸம்மா’ என்றால் அந்தப் பக்கம் அவர் ஒருவர்தான். அவருடன் வேலை பார்த்த கலைச்செல்வி அம்மா என் வீடு தேடி வந்து, “படத்திறப்பு வச்சிருக்கோம். நீங்கதான் ரெண்டு பக்கம் எழுதித் தரணும். தம்பி தம்பின்னு உயிரா இருப்பாங்க, உங்களப் பத்திப் பேசாத நாள் கிடையாது” என்றார். நான் சரியென்று தலையாட்டிவிட்டேன். எழுத உட்கார்ந்த பிறகுதான் அவர்கள் யாரை நினைத்துக்கொண்டு என்னைக் கேட்டார்கள் என்பது உறைத்தது.

நேரில் நான் அக்காவை ‘நீ’ என்றுதான் கூப்பிடுவேன். சபைக்கு எழுதுவதால் மரியாதை கொடுத்து எழுதுகிறேன்.

அக்கா எனக்கு ஆறு வயது மூத்தவர். எனக்குச் சின்ன வயதிலிருந்தே கோபம் மூக்கு நுனியில். பொய்யும் சரளமாக வரும். ஒரு தடவை எங்கள் எருமையை அவிழ்த்துவிட்டுக் குளத்தில் விளையாடப் போய்விட்டேன். அது பக்கத்து வயலில் இறங்கி நாற்றங்காலை மேய்ந்துவிட்டது. அப்பா கேட்டபோது உட்கார்ந்த இடத்திலிருந்தே, கயிறு தானாக அறுந்தது என்று சாதித்தேன். அப்பா நம்பிவிட்டார். அக்கா முறத்தில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தவர், தலை நிமிராமல் சொன்னார்: “ஒக்கார வச்சுக் கேட்டா அவன் சொல்ல மாட்டான்ப்பா. நிக்க வச்சுக் கேளுங்க, சொல்லிடுவான்.” அப்பா எழுந்திருக்கச் சொன்னார். எழுந்து நின்றேன். காலிரண்டும் வெலவெலத்து, இரண்டு நிமிஷத்தில் எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். அது என்ன வியாதியோ தெரியாது, இன்றுவரைக்கும் அப்படித்தான். நின்றுகொண்டு எனக்குப் பொய் வராது. அந்த விஷயம் உலகத்தில் இரண்டு பேருக்குத்தான் தெரியும். அப்பா போய்ச் சேர்ந்துவிட்டார், அக்காவும் போய்விட்டார்.

அக்கா நர்ஸ் வேலைக்குப் போனது எங்கள் வீட்டில் யாருக்கும் பிடிக்கவில்லை, அப்பாவைத் தவிர. முதலில் சைக்கிள், பிறகு ஒரு டிவிஎஸ். பின்னால் தடுப்பூசி வைக்கிற நீலக் குளிர்பெட்டி. அந்த வண்டிச் சத்தம் வாய்க்கால் கரையில் கேட்டால் பிள்ளைகள் எல்லாம் வைக்கோல் போரில் ஒளிந்துகொள்ளும். ஒரு ஐப்பசியில் வெள்ளம் வந்து ரோடே தெரியாதபோது, பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு இடுப்பளவு தண்ணீரில் நடந்து போய் ஊசி போட்டுவிட்டு வந்தார். “ஏங்க்கா, ரெண்டு நாள் கழிச்சுப் போனா என்ன?” என்று கேட்டதற்கு, “அம்மை ரெண்டு நாள் கழிச்சு வரேன்னு சொல்லிருக்காடா?” என்றார்.

வாய் ரொம்பக் கூர்மை. மாசமாக இருக்கிற மருமகளுக்குக் கொடுத்த சத்து மாத்திரையை ஒரு மாமியார் சாம்பல் மேட்டில் கொட்டிவிட, கோழி பொறுக்கிக்கொண்டிருந்தது. அக்கா அதைப் பார்த்துவிட்டு, “சரி, அடுத்த மாசம் கோழிய அழச்சிட்டு வாங்க, எட பாத்து எழுதிக்கிறேன்” என்றார். அந்த மாமியார் பிறகு தானே எதிரில் நின்று மருமகளை மாத்திரை விழுங்க வைப்பாராம். இந்த மாதிரிக் கதைகள் உங்களிடம் நூறு இருக்கும். என்னிடம் இருக்கும் கதை வேறு, அதைத்தான் நான் சொல்லியாக வேண்டும்.

எங்கள் அப்பாவுக்கு ஒரு வேலி நிலம், அதாவது இருபது மா; மூன்று மா சேர்ந்தால் ஒரு ஏக்கர். ஊரில் எங்களை வேலிக்காரர் வீடு என்பார்கள். அந்தப் பேரில் எனக்கு இருந்த பித்து கொஞ்சநஞ்சமல்ல. அப்பா திடமாக இருந்த காலத்தில் நிலம் முழுவதையும் எனக்கு எழுதி ஒரு உயில் வைத்தார். நான் நச்சரித்து வாங்கியதுதான், ஆனால் கையெழுத்து அவருடையதுதான். பிறகு அவருக்கு வாதம் வந்து ஒரு பக்கம் விழுந்துவிட்டது. வாய் கோணிப் பேச்சு குழறியது. அவர் பேசுவது அக்காவுக்கும் எனக்கும் மட்டும்தான் புரியும். ஒன்றரை வருஷம் அக்கா தினமும் வேலை முடிந்து வந்து, உடம்பு துடைத்து, படுக்கைப் புண்ணுக்கு மருந்து வைத்துக் கட்டிவிட்டுப் போவார். வீட்டில் அவர் புருஷனும் சிறுநீரகக் கோளாறால் படுத்திருந்தார். பிள்ளை குட்டி கிடையாது. ஒரு நாளும் முகம் சுளித்துப் பார்த்ததில்லை.

ஒரு சாயங்காலம் அப்பா என்னை மட்டும் பக்கத்தில் கூப்பிட்டு, என் கையைப் பிடித்துக்கொண்டு ஒரு விஷயம் சொன்னார். சொல்லி முடித்தபோது அவர் கண்ணில் தண்ணீர். அந்த நேரம் பார்த்து அக்கா பையோடு உள்ளே வந்தார். “என்னப்பா, என்ன சொல்றீங்க?” என்று கேட்டார். அப்பா குழறிக் குழறிச் சொன்னது எனக்கும் கேட்டது. “தம்பிகிட்ட சொல்லிட்டேன். அவன் சொல்லுவான்.” அக்கா என்னைப் பார்த்தார். நான் மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போகிறேன் என்று எழுந்து போய்விட்டேன். அதற்குப் பிறகு அப்பா நாற்பது நாள்தான் இருந்தார்.

கருமாதி முடிந்த அன்று மிச்சம் மீதிச் சொந்தக்காரர்கள் நாலு பேர் உட்கார்ந்திருக்க, நான் உயிலை எடுத்து வைத்தேன். அக்கா படித்துப் பார்த்துவிட்டு மடித்துக் கொடுத்தார். கோபப்படவில்லை. “எனக்குப் பங்கெல்லாம் வேணாம்டா. வாய்க்கால் மேட்டுல அந்த மூணு மா மட்டும் குடு. ரிட்டயர் ஆனதும் ஒரு சின்ன வீடு கட்டிக்கிட்டு வந்துடுறேன்” என்றார். மூன்று மா போனால் பதினேழு மா. அப்புறம் எப்படி வேலிக்காரர் வீடு என்று சொல்லிக்கொள்வது? இவ்வளவுதான் என் புத்தி. “நகை போட்டுக் கட்டிக் குடுத்தாச்சுல்ல” என்றேன்.

அக்கா என் பக்கம் நகர்ந்து உட்கார்ந்தார். பிறகு, “அப்பா அன்னைக்கு உன்கிட்ட என்னடா சொன்னாரு?” என்று கேட்டார்.

“ஒண்ணும் சொல்லல.”

“ஒண்ணும் சொல்லலையா?”

“இல்லைங்கிறேன்ல.” நான் பாயில் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தேன். அக்கா என் காலைப் பார்த்தார், என் முகத்தைப் பார்த்தார். எழுந்து பையை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

பிறகு கோர்ட்டு. சட்டம் தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். உயில் செல்லும் என்று தீர்ப்புக் கேட்டு நான்தான் முதலில் கேசு போட்டேன். அந்தச் சமயம் அக்கா தஞ்சாவூர் பெரியாஸ்பத்திரியில் புருஷனோடு கிடந்தார், கோர்ட்டுப் பக்கம் சரியாக வரவே முடியவில்லை. என்னைக் கூண்டில் ஏற்றிக் கேள்வி கேட்க ஆளில்லாமல், எழுதிக் கொடுத்த வாக்குமூலத்தோடு போயிற்று. ஆனாலும் சாட்சிக் கையெழுத்துப் போட்ட இரண்டு பேரும் இறந்துபோயிருந்ததால் உயில் நிரூபிக்கப்படவில்லை என்று தீர்ப்பாகிவிட்டது. நான் ஹைகோர்ட்டில் அப்பீல் போட்டேன். அக்கா புருஷனைப் பறிகொடுத்த பிறகு, மன்னார்குடியில் பாகப்பிரிவினை கேட்டு ஒரு கேசு போட்டார். கேசு என்று போட்டால் பாதிதான் கேட்க வேண்டும் என்று அவருடைய வக்கீல் சொன்னாராம். கோர்ட் வாசலில் என்னைப் பார்த்தபோது அக்கா சொன்னார்: “எனக்கு மூணு மா போதும், அதுல மாத்தமில்ல. நிலம் கூட வேணாம்டா. அப்பா என்ன சொன்னாருன்னு கூண்டுல ஏறி நின்னு சொல்லு. அது போதும். நின்னா நீ சொல்லிடுவே, எனக்குத் தெரியும்.”

அன்றைக்கு இராத்திரி முழுக்க எனக்குத் தூக்கமில்லை. மறுநாள் வக்கீலிடம் போனேன். “இந்தக் கேசு விசாரணைக்கு வந்தா நான் கூண்டுல ஏறணுமா?” என்று கேட்டேன். ஏறித்தான் ஆக வேண்டும் என்றார். “ஏறாம இருக்க வழி இருக்கா?” என்றேன். அவர் யோசித்துவிட்டு, இருக்கிறது என்றார். ஒரே விவகாரம் மேல்கோர்ட்டில் அப்பீலில் நிலுவையில் இருந்தால், அது முடிகிறவரை கீழ்க்கோர்ட் கேசை நிறுத்தி வைக்கச் சொல்லி மனுப் போடலாம். போட்டார். உத்தரவும் வந்துவிட்டது. இதில் வக்கீல் மேல் ஒரு குற்றமும் இல்லை. அவர் நிலத்தைக் காப்பாற்ற மனுப் போட்டதாக நினைத்தார். நான் என் காலைக் காப்பாற்றிக்கொள்ளப் போட்டேன்.

ஆறு மாசத்தில் முடிந்துவிடும் என்று சொன்ன அப்பீல் ஒன்பது வருஷமாகியும் கட்டுக்குள்ளேயே கிடந்தது. நிறுத்தி வைத்த கேசாக இருந்தாலும் மூன்று நாலு மாசத்துக்கு ஒருமுறை வாய்தா உண்டு. டவாலி வராந்தாவில் வந்து மூன்று தடவை பேரைக் கூப்பிடுவார். ‘அப்பீல் நிலுவை’ என்று எழுதி அடுத்த தேதி கொடுப்பார்கள். அதற்கு யாரும் நேரில் போக வேண்டியதில்லை, வக்கீல் போனால் போதும். அக்கா ஒரு வாய்தா விடாமல் வந்தார். “பக்கிரிசாமி மகள் வசந்தா” என்று டவாலி முதல் தடவை கூப்பிடும்போதே எழுந்து, “இருக்கேங்கய்யா” என்பார். அவர் வருகிறாரே என்று நானும் போவேன். வக்கீல் வரச் சொன்னார் என்று வீட்டில் பொய் சொல்லிவிட்டுப் போவேன்.

வராந்தாவில் ஒரே ஒரு மரப் பெஞ்சு. அந்தக் கோடியில் அக்கா, இந்தக் கோடியில் நான். பேச்சு வார்த்தை கிடையாது. அக்கா பையிலிருந்து இரண்டு இட்லிப் பொட்டலம் எடுப்பார். ஒன்றைப் பிரித்துச் சாப்பிடுவார். இன்னொன்றை நடுவில் வைத்துவிட்டு வேறு பக்கம் திரும்பிக்கொள்வார். ஒரு தடவைகூட நான் அதைத் தொட்டதில்லை. கேசு நடக்கும்போது எதிராளி வீட்டில் கை நனைக்கக் கூடாது என்பது எங்கள் பக்கத்துப் பழக்கம். வாய்தா முடிந்ததும் அக்கா அந்தப் பொட்டலத்தை எடுத்துப் பைக்குள் வைத்துக்கொண்டு போய்விடுவார்.

இன்னொன்றையும் நிறுத்தினேன். பொங்கல் சீர். கல்யாணமான நாளிலிருந்து அக்காவுக்குக் கரும்பு, மஞ்சள் கொத்து, பச்சரிசி, வெல்லம், ஒரு சேலை என்று பிறந்த வீட்டிலிருந்து போகும். அப்பாவுக்குப் பிறகு நான் கொடுத்தேன். கேசுக்குத் தடை வந்த வருஷம், “எதையும் கொடுக்க வேணாம், வாங்க வேணாம். இருக்கிறது இருக்கிறபடி இருக்கட்டும்” என்று வக்கீல் சொன்னார். அவர் சொன்னது நிலத்தை. நான் மஞ்சள் கொத்து வரைக்கும் அதை நீட்டிக்கொண்டேன். சீர் அனுப்பினால் சமாதானத்துக்கு வந்துவிட்டேன் என்று கோர்ட்டில் சொல்லிவிடுவார்களாம். என் மனைவி, “ஒரு கட்டுக் கரும்பு கோர்ட்டுல ஏறி சாட்சி சொல்லுமா?” என்று கேட்டாள். உனக்கு ஒன்றும் தெரியாது, போ என்று எரிந்து விழுந்தேன்.

கடைசியாக அக்காவைப் பார்த்தது போன ஐப்பசியில். மழை கொட்டிக்கொண்டிருந்தது. ஆள் ரொம்ப மெலிந்திருந்தார். ஒன்பது வருஷத்தில் முதல் தடவையாக என் பக்கம் திரும்பிப் பேசினார். “கண்ணு செவந்திருக்கே, பிரஷர் மாத்திரை ஒழுங்காப் போடுறியா?” என்றார். நான் தலையை ஆட்டினேன். கொஞ்ச நேரம் கழித்து, “அப்பீல் முடியப் போவுதுன்னு என் வக்கீல் சொல்றாரு. அப்பவாவது நிப்பேல்ல?” என்றார். நான் எழுந்து போய் எதிர்ச்சுவரில் ஒட்டியிருந்த அன்றைய கேசுப் பட்டியலைப் படிப்பதுபோல நின்றேன். நின்றால் சொல்லிவிடுவேன் என்ற பயத்தில் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றேன். திரும்பிப் பார்த்தபோது அக்கா குடையை விரித்துக்கொண்டு படியிறங்கிக்கொண்டிருந்தார். அன்றைக்கு மட்டும் இட்லிப் பொட்டலத்தைப் பெஞ்சிலேயே விட்டுவிட்டுப் போயிருந்தார். அதை நாய்க்குப் போட்டுவிட்டேன்.

சாவு சேதி வந்த அன்று மன்னார்குடி கடைத்தெருவில் இறங்கி, ஜவுளிக்கடை வாசலில் நின்றேன். பெண் இறந்தால் பிறந்த வீட்டுக் கோடி போட வேண்டும். புதுச் சேலை கொண்டுபோய் உடம்பில் சாத்திய பிறகுதான் எடுப்பார்கள். கடைக்குள் போகக் கால் வரவில்லை. கோர்ட்டுக்கு இழுத்தவன் கொண்டுவந்த கோடி வேண்டாம் என்று அக்காவின் புருஷன் வீட்டார் முகத்தில் விட்டெறிந்தால் என்ன செய்வது என்று பயம். முதலில் போய் நிலைமையைப் பார்க்கலாம் என்று வெறுங்கையோடு போனேன்.

அந்த வீட்டில் யாரும் என்னை ஒரு வார்த்தை சொல்லவில்லை. எழுந்து வழி விட்டார்கள். யாரோ நாற்காலி போட்டார்கள். எனக்கு ஒன்றும் புரியவில்லை. எடுக்கிற நேரம் வந்தபோது அக்காவின் நாத்தனார், “பொறந்த வீட்டுக் கோடி எங்கே?” என்று கேட்டார். எல்லாரும் என் கையைப் பார்த்தார்கள். பூமி பிளந்து உள்ளே போய்விடக் கூடாதா என்று இருந்தது.

அப்போது மெஹருன்னிசா உள்ளேயிருந்து ஒரு கடைப் பையோடு வந்தார். “அண்ணே, நீங்க பொங்கலுக்கு அனுப்பின சேலை இருக்குல்ல, அதையே போட்டுடுங்க. அக்கா இன்னும் பிரிக்கக்கூட இல்ல. தம்பி இந்த வருஷம் முன்னாடியே அனுப்பிட்டான், கலரப் பாரு மெஹரு, எனக்குப் புடிச்ச பச்சைன்னு போன வாரம்தான் காட்டினாங்க.”

நான் சேலையை வாங்கிக்கொண்டேன். இலைப் பச்சை, மாம்பழக் கலரில் கரை. மெஹருன்னிசா அழுதுகொண்டே சொல்லிக்கொண்டு போனார். “வருஷா வருஷம் பொங்கலுக்கு மொத நாள் கடைத்தெருப் பக்கம் போயிட்டு, கரும்பும் மஞ்சளுமா ஆட்டோவுல வந்து எறங்குவாங்க. பஸ்ஸ்டாண்டுல தம்பி ஆள் வந்து குடுத்துட்டுப் போனாப்பலன்னு சொல்லி எங்க வீட்டுக்கும் ஒரு கரும்பு குடுப்பாங்க. மூணு மாசத்துக்கு ஒரு தடவ தம்பியப் பாக்கப் போறேன்னு விடியக்காலமே எழுந்து இட்லி ஊத்துவாங்க. தம்பி பசி தாங்க மாட்டான்னு ரெண்டு பொட்டலம். அண்ணன் தங்கச்சி, அக்கா தம்பின்னா அப்படில்ல இருக்கணும்.”

கேசு நடப்பது அந்தத் தெருவில் ஒருவருக்கும் தெரியாது. புருஷன் வீட்டாரிடமும் அது எப்போதோ சமாதானமாகிவிட்டது என்று சொல்லி வைத்திருக்கிறார். என் பேரைக் கெடுக்காமல் ஒன்பது வருஷம் தன் பென்ஷனில் கரும்பு வாங்கியிருக்கிறார். அந்தச் சேலையைத்தான் நான் என் கையால் அக்கா மேல் சாத்தினேன். “நல்ல கோடி” என்றார் நாத்தனார். அக்காவின் முகத்தைப் பார்க்க முடியவில்லை. தானே எடுத்து வைத்த சேலையை என் கையால் போட்டுக்கொண்டு போகிறார் என்று எனக்கு மட்டும்தான் தெரியும். வாயைத் திறக்கவில்லை.

மூன்றாம் நாள் வக்கீல் கூப்பிட்டார். துக்கம் விசாரித்துவிட்டு, “இனிமே ஒண்ணும் கவலை இல்ல. உங்க அக்காவுக்குப் புள்ளைங்க கிடையாது. அப்பா வழிச் சொத்து திரும்ப உங்களுக்கே வந்துடும். அப்பீல் எப்படிப் போனாலும் சரி, முழு வேலியும் உங்களுதுதான்” என்றார். நான் ஃபோனை வைத்துவிட்டேன். அக்கா சாகிறவரைக்கும் கேசை நிறுத்தி வைத்தால் ஜெயித்துவிடலாம் என்று நான் கணக்குப் போடவில்லை. சத்தியமாகப் போடவில்லை. ஆனால் நடந்தது அதுதான்.

பொங்கலன்று கரும்பு, மஞ்சள் கொத்து எல்லாம் எடுத்துக்கொண்டு மெஹருன்னிசா வீட்டுக்குப் போனேன். அக்கா இருந்த பக்கம் பூட்டிக் கிடந்தது. கதவில் கரும்பைச் சாய்த்து வைத்தேன். “வருஷா வருஷம் ஆள்கிட்ட குடுத்தனுப்புவீங்க, இந்த வருஷம் நீங்களே வந்துட்டீங்களேண்ணே” என்று அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அப்போதும் நான் சொல்லவில்லை. அவர் நாற்காலி போட்டு உட்கார வைத்திருந்தார்.

அடுத்த வாரம் வாய்தா. விடிகாலையில் கிளம்பிப் போய் அந்தப் பெஞ்சில் என் கோடியில் உட்கார்ந்தேன். டவாலி வந்து, “பக்கிரிசாமி மகள் வசந்தா” என்று கூப்பிட்டார். யாரும் எழுந்திருக்கவில்லை. இரண்டாவது தடவை கூப்பிட்டார். அந்தக் கோடியிலிருந்து “இருக்கேங்கய்யா” என்ற குரல் எனக்குத் தெளிவாகக் கேட்டது. கூட இருந்தவர்களுக்குக் கேட்டதா என்று நான் யாரையும் கேட்கவில்லை. மூன்றாவது தடவை கூப்பிட்டபோது நான் எழுந்து உள்ளே போய்விட்டேன். என் வக்கீல், வாதி இறந்துவிட்டார் என்று சொல்லிக்கொண்டிருந்தார். “ஐயா, நான் ஒண்ணு சொல்லணும்” என்றேன். வக்கீல் சட்டையைப் பிடித்து இழுத்தார்.

“நீங்க யாரு?” என்று ஜட்ஜ் கேட்டார்.

“எதிர்வாதிங்கய்யா. அவங்க தம்பி.”

“என்ன சொல்லணும்?”

“கூண்டுல ஏறி நின்னு சொல்லணும்ங்க. நான் தோத்துட்டேன்னு எழுதிக்கணும்ங்க.”

சின்ன வயது ஜட்ஜ், நல்ல மனுஷர். பேனாவை மூடி வைத்தார். “கேசு தடையில இருக்கு, இப்ப சாட்சி எடுக்க முடியாது. அதோட வாதியே இல்லையே பெரியவரே. யார்கிட்ட தோக்கப் போறீங்க?” என்றார். அடுத்த கேசைக் கூப்பிட்டார்கள்.

எங்கள் வயலில் பதினேழு மாவில் அறுப்பு மெஷின் இறங்கி வேலை முடிந்துவிட்டது. வாய்க்கால் மேட்டு மூணு மாவில் மட்டும் இறங்க விடவில்லை. கதிர் முற்றிச் சாய்ந்து நிற்கிறது. சாயங்காலம் அந்தக் கரையில் டிவிஎஸ் சத்தம் கேட்கிறது. எழுந்து போய்ப் பார்த்தால் யாரும் இருப்பதில்லை. மழை வந்தால் மொத்தமும் முளைத்துப் போகும் என்று மனைவி தினமும் சொல்கிறாள். இது யார் கதிர் என்று நாலு பேர் முன்னால் சொன்ன பிறகு அறுத்துக்கொள்ளலாம் என்று சொல்லியிருக்கிறேன்.

அக்கா கட்டிக் காத்த பேரை இப்படி நானே கெடுக்கலாமா என்று பத்து நாள் யோசித்தேன். நல்ல தம்பி என்று எல்லாரும் நினைத்துக்கொண்டு போகட்டுமே என்றுகூடத் தோன்றியது. ஆனால் அக்கா என்னிடம் கேட்டது நல்ல பேர் இல்லையே. கலைச்செல்வி அம்மா, எழுதிக் கொடுத்தால் தானே வாசிப்பதாகச் சொன்னார். வேண்டாம் அம்மா, நானே வாசிக்கிறேன் என்று சொல்லிவிட்டேன். முன்வரிசையில் மெஹருன்னிசா உட்கார்ந்திருப்பார், அக்காவின் நாத்தனார் இருப்பார். எனக்கு நாற்காலி போட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

அக்கா, போய் வா. ஒன்பது வருஷம் நீ கூப்பிடக் கூப்பிட எழுந்திருக்காதவன், இப்போது உன் படத்துக்கு முன்னால் நிற்கிறேன். கால் நடுங்குகிறது. அப்பா அன்றைக்கு என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னது இதுதான்: “அந்தக் காயிதத்தக் கிழிச்சுப் போட்டுடு. வாய்க்கால் மேட்டு மூணு மா வசந்தாவுக்கு. நான் சொன்னேன்னு அவகிட்ட நீயே சொல்லு.”

நான் “சரிப்பா” என்றேன்.